கண்டவர் சொல்

சிலப்பதிகாரம் நடத்தும் ஒவ்வோர் ஆண்டும் மாணவர்கள் நின்றுவிடும் இடம் வழக்குரை காதைதான். சிலம்பு உடைகிறது, மாணிக்கம் தெறிக்கிறது, அரசன் அரியணையிலிருந்து வீழ்கிறான். மேடையிலும் திரையிலும் பார்த்துப் பழகியதால் வகுப்பில் அதற்கு விளக்கமே வேண்டியிருப்பதில்லை. என்னை நிறுத்துவது வேறோர் இடம். அடைக்கலக் காதையில் மாடல மறையோன் கோவலனின் பழைய நற்செயல்களை அடுக்கிக்கொண்டு வரும்போது போகிறபோக்கில் சொல்லும் ஒரு கிளைக்கதை. பத்தினி ஒருத்தியின்மேல் பழி விழும்படி, அவள் கணவனிடம், வறியவன் ஒருவன் தான் அறியாத ஒன்றைச் சாட்சியாகச் சொல்லிவிடுகிறான். புகார் நகரத்துச் சதுக்கப் பூதம் அவனைக் கயிற்றால் கட்டிப் பிடித்துக்கொள்கிறது. அவன் தாய் கதறுகிறாள். கோவலன் தன் உயிரை எடுத்துக்கொண்டு அவனை விடும்படி கேட்கிறான். பூதம் மறுத்துவிடுகிறது. கண்முன்னாலேயே அவனைக் கொன்று தின்றும்விடுகிறது. கோவலன் அந்தக் குடும்பத்தைப் பல ஆண்டுகள் தாங்குகிறான்.

அந்த வறியவன் ஏன் அப்படிச் சொன்னான் என்று இளங்கோ சொல்லவில்லை. காசுக்காக இருக்கலாம். யாரோ சொன்னதை நம்பித் தானே கண்டதாக எண்ணிக்கொண்டிருக்கலாம். பூதத்துக்கு அந்த வேறுபாடு பொருட்டில்லை. அதனிடம் மேல்முறையீடும் இல்லை.

சாட்சிக்குப் பழந்தமிழில் 'கரி' என்று பெயர். சாட்சி என்ற வடசொல்லின் வேரிலேயே கண் இருக்கிறது. பெரியபுராணத்தில், சுந்தரரைத் தன் அடிமை என்று வழக்காடும் கிழவேதியரிடம் திருவெண்ணெய்நல்லூர்ச் சபை மூன்று வகைச் சான்றுகளில் ஒன்றைக் கேட்கிறது: ஆட்சி, ஆவணம், அயலார் காட்சி. நடைமுறை வழக்கம், எழுதிய ஓலை, அக்கம்பக்கத்தார் கண்டது. பன்னிரண்டாம் நூற்றாண்டுக் காவியத்தின் இந்தப் பாகுபாட்டை இன்றைய வழக்கறிஞர் நண்பர்களிடம் சொன்னால் வியந்து குறித்துக்கொள்கிறார்கள். ஆனால் அதே மொழியில்தான் 'கண்டவனும் பேசுகிறான்' என்று ஏளனமாகவும் சொல்கிறோம். கண்டவன் என்றால் பார்த்தவன். கண்டவன் என்றால் எவனோ ஒருவன். ஒரு சொல் இத்தனை தூரம் சரிந்ததற்கு மொழியியலார் வேறு காரணம் சொல்லக்கூடும். எனக்கு, கண்ணால் கண்டதாகச் சொன்னவர்களை நம்பி நம்பி அலுத்துப்போன ஒரு சமூகம் அந்தச் சொல்லுக்குள் இருப்பதாகத் தோன்றும்.

கொலை மேல்முறையீட்டுத் தீர்ப்புகளை வாசிக்கும் பழக்கம் எனக்கு இருபது ஆண்டுகளுக்கு மேலாக இருக்கிறது. தமிழாசிரியனுக்கு இது எதற்கு என்று கேட்பவர்களுக்கு, நல்ல சிறுகதைகள் கிடைக்கின்றன என்று பதில் சொல்லித் தப்பித்துவிடுவேன். அது முழுப் பதில் இல்லை. அதற்குப் பின்னர் வருகிறேன்.

*

கண்ணால் கண்ட சாட்சியைப் பற்றி இந்திய நீதிமன்றங்கள் மீண்டும் மீண்டும் எடுத்துக்காட்டும் தீர்ப்புகளில் ஒன்று நம் மண்ணிலிருந்து போனது. வடிவேலுத் தேவர் எதிர் சென்னை மாநிலம், 1957. அன்றைய தஞ்சை மாவட்டத்து முத்துப்பேட்டையில் தேநீர்க் கடை வைத்திருந்த ஒருவர் 1955 நவம்பரில் ஓரிரவு கொல்லப்பட்டார். வழக்கு ஒரே ஒரு சாட்சியின்மேல் நின்றது. அவர் இறந்தவரின் மனைவி. அமர்வு நீதிமன்றம் மரண தண்டனை விதித்தது, உயர்நீதிமன்றம் உறுதி செய்தது, உச்ச நீதிமன்றத்துக்கு வந்தது. ஒரு பெண்ணின் சொல்லை மட்டும் வைத்துக்கொண்டு ஒருவனைத் தூக்கிலிடலாமா என்பதுதான் கேள்வி.

சட்டம் இதில் தெளிவாக இருக்கிறது. 1872-ஆம் ஆண்டு சாட்சியச் சட்டத்தின் 134-ஆம் பிரிவு, எந்த ஒரு செய்தியை மெய்ப்பிக்கவும் இத்தனை சாட்சிகள் வேண்டும் என்ற கணக்கு இல்லை என்கிறது. 2024 ஜூலை 1 முதல் அந்தச் சட்டத்தின் இடத்துக்கு வந்திருக்கும் பாரதிய சாக்ஷ்ய அதிநியத்தில் அதே வாசகம் 139-ஆம் பிரிவாக உட்கார்ந்திருக்கிறது. தலையை எண்ணாதே, எடையைப் பார் என்பது கொள்கை. பின்னாளில் தலைமை நீதிபதியான பி.பி. சின்ஹா எழுதிய அந்தத் தீர்ப்பு, சாட்சிகளை மூன்றாகப் பிரிக்கிறது. முழுதும் நம்பத் தகுந்தவர், முழுதும் நம்பத் தகாதவர், இரண்டிலும் சேராதவர். முதல் இரண்டு வகையிலும் நீதிபதிக்குச் சிக்கல் இல்லை. மூன்றாம் வகைக்குத்தான் வேறு துணைச் சான்று தேட வேண்டும். இவ்வளவும் சட்ட மாணவர்கள் மனப்பாடமாகச் சொல்வது. நான் திரும்பத் திரும்ப வாசித்தது வேறொரு பகுதி. ஒன்றுக்கு மேற்பட்ட சாட்சிகள் வேண்டும் என்று நீதிமன்றம் பிடிவாதம் பிடித்தால் என்ன ஆகும் என்று சின்ஹா யோசிக்கிறார். ஒருவர் மட்டுமே பார்த்த கொலைகள் தண்டனையில்லாமல் போகும். அதைவிட, இல்லாத சாட்சிகளை உண்டாக்கும் தொழிலை நீதிமன்றமே ஊக்குவித்ததாகிவிடும். கிராமத்தில் வளர்ந்த எவருக்கும் இதன் பொருள் உடனே விளங்கும்.

பெண் சாட்சியைப் பற்றி அதற்கு நான்காண்டு முன்னரே விவியன் போஸ் ஒரு வழக்கை முடித்துவைத்திருந்தார். தலீப் சிங் எதிர் பஞ்சாப் மாநிலம், 1953. இரண்டு பெண்கள் மட்டுமே கண்ட சாட்சிகள். ஏழு ஆண்களின் விதி அவர்கள் வாயில் இருந்தது. அவர்கள் சொல்லுக்குத் துணைச் சான்று வேண்டும் என்று உயர்நீதிமன்றம் கருதியது. சாட்சிகள் பெண்கள் என்பதும், ஏழு ஆண்களின் தலை அதில் தொங்குகிறது என்பதும்தான் காரணம் என்றால், அப்படியொரு விதியை நாங்கள் அறியோம் என்ற பொருள்பட போஸ் எழுதினார். இறந்தவருக்கு நெருங்கிய உறவு என்பதாலேயே ஒரு சாட்சியைத் தள்ளிவிட முடியாது, உண்மைக் குற்றவாளியைத் தப்பவிட்டு வேறொருவனைக் காட்டிக்கொடுக்க உறவினர்தான் கடைசியாக முன்வருவார் என்பதும் அவர் வாதம். ஆனால் அந்த வாதத்தோடு ஒரு தயக்கத்தையும் சேர்த்தே எழுதினார். பகை முற்றியிருக்கும்போது, குற்றம் செய்தவனோடு சேர்த்து, தங்களுக்கு ஆகாத ஒரு குற்றமற்றவனையும் இழுத்துவிடும் போக்கு உண்டு என்பதே அது. இந்தத் தயக்கத்தை இங்கே நினைவில் வைத்துக்கொள்ளுமாறு வாசகர்களைக் கேட்டுக்கொள்கிறேன்.

*

விசாரணை நீதிமன்றத்துக்கும் மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கும் உள்ள வேறுபாட்டைப் புரிந்துகொள்ள, கூத்தைப் பார்ப்பதற்கும் கூத்துப் பிரதியை வாசிப்பதற்கும் உள்ள வேறுபாட்டை நினைத்துக்கொண்டால் போதும். அமர்வு நீதிபதி சாட்சியைப் பார்க்கிறார். கூண்டுக் கட்டையைப் பிடித்த கை நடுங்குவதை, கேள்விக்கும் பதிலுக்கும் இடையே விழும் மௌனத்தை, எதிரியின் பக்கம் கண் போய் மீள்வதை எல்லாம் பார்க்கிறார். சாட்சியின் நடத்தை பற்றிய குறிப்பை அவர் பதிவு செய்யலாம் என்று சட்டமும் இடம் தருகிறது. நான் வாசித்த ஆவணங்களில் அப்படிக் குறித்தவர் மிகக் குறைவு. உயர்நீதிமன்றத்துக்குப் போவது தட்டச்சு செய்த தாள்கள். அங்கே அழுகையும் இல்லை, மௌனமும் இல்லை. எல்லா வாக்கியமும் ஒரே சுருதியில் இருக்கின்றன.

இதனால்தான் 1934-இல் ஷியோ ஸ்வரூப் வழக்கில் லண்டன் பிரிவி கவுன்சில், விடுதலைத் தீர்ப்பை மாற்றும் முழு அதிகாரம் உயர்நீதிமன்றத்துக்கு உண்டு என்று சொல்லிவிட்டு, சாட்சிகளை நேரில் கண்ட நீதிபதியின் கருத்துக்கு உரிய எடை கொடுக்க வேண்டும், அவர் கண்டறிந்ததைக் கலைக்கத் தயங்க வேண்டும் என்றும் சொன்னது. அதிகாரம் முழுமை, கை மட்டும் மெதுவாக. தொண்ணூறு ஆண்டுகள் கடந்தும் அந்தத் தீர்ப்பு மேற்கோளாக வந்துகொண்டிருக்கிறது.

ஆனால் பிரதியாக வாசிப்பதில் ஒரு நன்மையும் இருக்கிறது. அழுகைக்கு மயங்காத வாசிப்பு அது. முன்னும் பின்னும் புரட்டிப் பார்க்கலாம். முதல் தகவல் அறிக்கை, காவலர் எழுதிய வாக்குமூலம், நீதிமன்றச் சாட்சியம், குறுக்கு விசாரணை என ஒரே நிகழ்வின் நான்கு ஏடுகள் பக்கம் பக்கமாக வைக்கப்பட்டிருக்கும். உ.வே.சா. ஏடுகளை ஒப்புநோக்கியதைப் போல, எது மூலம், எது இடைச்செருகல், எது பிரதி செய்தவனின் பிழை என்று பார்க்க வேண்டியதுதான் மேல்முறையீட்டு நீதிபதியின் வேலை. இலத்தீன் மொழியில் ஒரு பழைய விதி உண்டு: ஒன்றில் பொய் சொன்னவன் அனைத்திலும் பொய்யன். இந்திய நீதிமன்றங்கள் இதை விதியாக ஏற்கவில்லை. பதரைத் தூற்றி நெல்லை எடுத்துக்கொள் என்பதுதான் இங்கே முறை. நம் ஊரில் முழு உண்மை சொல்லும் சாட்சிக்காகக் காத்திருந்தால் ஒரு வழக்கும் முடியாது என்பதை நீதிபதிகள் அறிந்திருக்கிறார்கள்.

*

என் பெரியம்மா ஒரு கொலை வழக்கில் கண்ட சாட்சி. கொல்லப்பட்டவர் என் பெரியப்பா.

கோவில்பட்டிக்குக் கிழக்கே கரிசல் காட்டில் கிணற்றுப் பாசனம். பங்காளிகளுக்குள் கிணற்றில் முறை. மும்முனை மின்சாரம் இரவில்தான் வரும் என்பதால் தண்ணீர் பாய்ச்ச இரவில்தான் போவார்கள். 1990 ஐப்பசியில் ஒருநாள், முறை தப்பி மோட்டாரைப் போட்டுவிட்டார்கள் என்று தொடங்கிய பேச்சு, மண்வெட்டியில் முடிந்தது. பெரியப்பாவுக்குச் சோறு கொண்டுபோன பெரியம்மா வரப்பில் நின்றபடி பார்த்தார். பங்காளி வீட்டு அண்ணன் தம்பி இருவரின் பெயரையும் காவல் நிலையத்தில் சொன்னார். 1992-இல் அமர்வு நீதிமன்றம் இருவருக்கும் ஆயுள் தண்டனை விதித்தது. 1997-இல் உயர்நீதிமன்றம் இருவரையும் விடுதலை செய்தது.

நான் அப்போது இளங்கலை மாணவன். தீர்ப்பு வந்த அன்று எங்கள் வீட்டில் உலை வைக்கவில்லை. காசு விளையாடிவிட்டது என்றுதான் ஊரில் எல்லோரும் பேசினார்கள்.

முதுகலையில் பதிப்பியல் ஒரு தாளாக இருந்தது. பாடபேதங்களை எப்படிக் குறிப்பது, எந்த அடிப்படையில் ஒன்றைக் கொள்வது, மற்றதைத் தள்ளுவது என்று படித்துக்கொண்டிருந்த நாள்களில், பெரியம்மா வீட்டு டிரங்குப் பெட்டியில் கிடந்த வழக்குக் கட்டை எடுத்து வாசித்தேன். அண்ணன், அதாவது பெரியம்மாவின் மகன், நகல்களை ஒன்றுவிடாமல் வாங்கி வைத்திருந்தார். இரண்டு நாள் வேறு வேலை ஓடவில்லை.

எல்லாம் ஒரு சொல்லில் உடைந்திருந்தது. லைட்டு.

காவலர் எழுதிய வாக்குமூலத்தில், 'டார்ச் லைட் வெளிச்சத்தில் பார்த்தேன்' என்று இருந்தது. நீதிமன்றத்தில் பெரியம்மா, மோட்டார் ரூமில் எரிந்த லைட்டு வெளிச்சத்தில் பார்த்ததாகச் சொல்லியிருந்தார். முதல் தகவல் அறிக்கையில் வெளிச்சம் பற்றிப் பேச்சே இல்லை. பார்வை மகஜரிலும் மாதிரி வரைபடத்திலும் மோட்டார் ரூம் இருந்தது, விளக்கு குறிக்கப்படவில்லை. டார்ச் விளக்கு எதுவும் கைப்பற்றப்படவில்லை. குறுக்கு விசாரணையில் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் இதை மிக அமைதியாக, நான்கே கேள்விகளில் வெளியே கொண்டுவந்திருந்தார். உயர்நீதிமன்றம் ஆங்கிலத்தில் எழுதியது: வெளிச்சத்தின் மூலத்தைப் பற்றி அரசுத்தரப்பு நிலையாக ஒன்றைச் சொல்லவில்லை, ஒரே சாட்சி, இரவு நேரம், முன்பகை, ஐயத்தின் பலனை எதிரிகளுக்குத் தருகிறோம்.

கரிசல் கிராமங்களை அறிந்தவர்களுக்கு இதில் புதிர் இல்லை. அங்கே லைட்டு என்றால் குண்டு பல்பு, லைட்டு என்றால் கையில் பிடிக்கும் பேட்டரி விளக்கு, மாட்டு வண்டியில் தொங்கும் அரிக்கேனுக்கும் சில வீடுகளில் அதே பெயர். பெரியம்மா லைட்டு என்றார். எழுதிய காவலர் ஒரு பொருளை எடுத்துக்கொண்டார். காவலர் எழுதும் வாக்குமூலத்தில் சாட்சி கையெழுத்துப் போடக்கூடாது என்பது சட்டம். மிரட்டிக் கையெழுத்து வாங்குவதைத் தடுக்கச் செய்த ஏற்பாடு அது, நல்ல ஏற்பாடுதான். ஆனால் அதன் விளைவாக, தன் பெயரில் எழுதப்பட்ட வாசகத்தைப் பெரியம்மா பார்த்ததே இல்லை; இரண்டாண்டு கழித்து அந்த வாசகத்துக்கு முரணாகப் பேசுகிறார் என்று கூண்டில் நிறுத்தப்பட்டார். பிரதி செய்தவனின் பிழை மூலத்தின்மேல் ஏறியது.

இத்தனைக்கும் பிறகு ஒன்று சொல்ல வேண்டும். அந்தக் கட்டை மட்டும் வைத்துக்கொண்டு தீர்ப்பு எழுதச் சொன்னால் நானும் விடுதலைதான் எழுதியிருப்பேன். காசு விளையாடியதற்கான தடயம் எதுவும் அந்தத் தீர்ப்பில் இல்லை. நிதானமான, கண்ணியமான தீர்ப்பு. இதை வீட்டில் சொன்னபோது அண்ணன் என்னோடு ஆறு மாதம் பேசவில்லை.

2003 வாக்கில் ஒரு மாலை, புளி கொட்டை எடுத்துக்கொண்டிருந்த பெரியம்மாவிடம் கேட்டேன். அன்றைக்கு எந்த லைட்டு?

"லைட்டுன்னா லைட்டுதானய்யா. பல்பும் எரிஞ்சுச்சு, ஒங்க பெரியப்பா கையிலயும் லைட்டு இருந்துச்சு. அது கெணத்துக்குள்ள விழுந்துருச்சு."

சிறிது நேரம் கழித்து அவராகவே சொன்னார்: "லைட்டு எதுக்கு? அவன் வஞ்சானே, அந்தச் சத்தம் தெரியாதா? பதினஞ்சு வருசமா கேட்ட சத்தம்."

நான் கட்டைத் தேடிப் பார்த்திருக்கிறேன். குரலைப் பற்றி ஒரு கேள்விகூட அதில் இல்லை. அரசுத்தரப்பும் கேட்கவில்லை. முன்பே நன்கு பழகியவரை மங்கிய வெளிச்சத்திலும், குரலைக் கொண்டும் நடையைக் கொண்டும் அடையாளம் காண முடியும் என்று உச்ச நீதிமன்றம் ஏற்றுக்கொண்ட தீர்ப்புகள் இருக்கின்றன. கேட்டிருந்தால் வழக்கு வேறு திசையில் போயிருக்கலாம்.

அத்தோடு நிறுத்தியிருக்கலாம். தம்பியைப் பற்றியும் கேட்டேன். அவன் அன்றைக்குக் கிணற்றடியில் இருந்தானா? ஊரில் வெகுநாளாக ஒரு முணுமுணுப்பு உண்டு. தம்பி அன்று கழுகுமலைப் பக்கம் மாட்டு வியாபாரத்துக்குப் போயிருந்தான் என்று. அவன் வழக்கறிஞரும் அதைச் சொல்லிப் பார்த்தார். அமர்வு நீதிமன்றம் ஏற்கவில்லை.

பெரியம்மா கையிலிருந்த புளியை முறத்தில் போட்டார். "அண்ணன் வந்தா தம்பி வராமலா இருப்பான்?" என்றார்.

நான் மேலே கேட்கவில்லை. அந்த வாக்கியம் காட்சி இல்லை, அனுமானம். அளவை நூல்கள் பிரத்தியட்சம் என்றும் அனுமானம் என்றும் பிரித்து வைத்திருக்கும் இரண்டையும் என் பெரியம்மா பதின்மூன்று ஆண்டுகளாக ஒன்றாகவே சுமந்துகொண்டிருந்தார். அவர் பொய் சொன்னதாக எனக்குத் தோன்றவில்லை. கணவன் விழுந்த அந்தக் கணத்தில் அண்ணனின் பக்கத்தில் தம்பி நின்றே ஆக வேண்டியிருந்தது, நின்றான். அந்தத் தம்பி ஐந்தாண்டுக்கு மேல் பாளையங்கோட்டைச் சிறையில் இருந்தான். வெளியே வந்ததும் திருப்பூருக்குப் பனியன் வேலைக்குப் போனவன், கோவில் கொடைக்குக்கூட ஊர்ப்பக்கம் வருவதில்லை. அண்ணன் 2006-இல் நோயில் இறந்தான். பெரியம்மாவும் இப்போது இல்லை.

கொலை செய்தவனையும் செய்யாதவனையும் ஒரே சொல் உள்ளே தள்ளியது. அதே சொல்லின் விரிசல் இருவரையும் வெளியே விட்டது. பதரைத் தூற்றி நெல்லை எடு என்பது சொல்வதற்கு எளிது. இங்கே காற்று எந்தப் பக்கம் வீசியிருந்தால் சரியாகத் தூற்றியிருக்கலாம் என்று எனக்கு இன்றும் விளங்கவில்லை.

*

இலக்கிய நண்பர்களிடம் இதைப் பேசினால் உடனே 'ரஷோமான்' என்பார்கள். குரோசாவாவின் 1950-ஆம் ஆண்டுப் படம். அதன் பின்னால் இருப்பது அகுடகாவா 1922-இல் எழுதிய கதை. எனக்கு அந்த ஒப்பீடு உவப்பானது இல்லை. அங்கே ஒவ்வொருவருக்கும் தன்னை மேன்மையாகக் காட்டிக்கொள்ளும் தேவை இருக்கிறது. நீதிமன்றத்தை உண்மையில் தடுமாற வைப்பவர் தேவை ஏதும் இல்லாமல், நேர்மையாக, உறுதியாகத் தவறு சொல்லும் சாட்சி.

அந்த வகைக்கு கிளாஸ்கோ நகரத்து ஆஸ்கர் ஸ்லேட்டர் வழக்கைவிட நல்ல உதாரணம் எனக்குக் கிடைக்கவில்லை. 1908 டிசம்பரில் எண்பது கடந்த ஒரு செல்வந்த மூதாட்டி தன் வீட்டில் அடித்துக் கொல்லப்பட்டார். ஓடிய ஆளைப் பணிப்பெண்ணும் கீழ்வீட்டுக்காரரும் ஒரு கணம் பார்த்தார்கள், தெருவில் பதினான்கு வயதுச் சிறுமி ஒருத்தி பார்த்தாள். ஐயம் ஸ்லேட்டர் என்ற ஜெர்மன் யூதர்மேல் விழுந்தது. அவர் கப்பலேறி நியூயார்க் போயிருந்தார். பணிப்பெண்ணும் சிறுமியும் கடல் கடந்து அழைத்துச் செல்லப்பட்டார்கள். பயணத்தில் இருவரும் ஒரே அறையில் தங்கினார்கள். அடையாளம் காட்டுவதற்கு முன்னால் அவருடைய புகைப்படமும் அவர்களுக்குக் காட்டப்பட்டிருந்தது. காட்டினார்கள். 1909 மே மாதம் பதினைந்து ஜூரிகளில் ஒன்பது பேர் குற்றவாளி என்றனர். தூக்குக்கு இரண்டு நாள் முன்னதாக அது ஆயுள் தண்டனையாகக் குறைக்கப்பட்டது.

ஷெர்லாக் ஹோம்ஸைப் படைத்த கோனன் டாயில் 1912-இல் இதைப் பற்றி ஒரு சிறுநூல் எழுதினார். பயனில்லை. ஸ்காட்லாந்தில் அப்போது குற்ற மேல்முறையீட்டு நீதிமன்றமே கிடையாது. 1926-இல்தான் அது வந்தது. ஸ்லேட்டரின் பழைய வழக்கை அதன்முன் கொண்டுபோவதற்கு 1927-இல் தனியாகச் சட்டம் செய்ய வேண்டியிருந்தது. 1928 ஜூலையில் தீர்ப்பு ரத்தானது. அதற்குள் பதினெட்டு ஆண்டுகளுக்கு மேல் சிறையில் கழித்துவிட்டார். எந்தக் காரணத்துக்காக ரத்தானது என்பதுதான் விசித்திரம். கண்டவர்களின் கண் தவறிவிட்டது என்று அந்த நீதிமன்றம் சொல்லவில்லை. விசாரணை நீதிபதி ஜூரிகளுக்குத் தவறாக வழிகாட்டினார் என்றது. நான் வாசித்த அளவில் மேல்முறையீட்டு நீதிமன்றங்களின் இயல்பே இதுதான். நீ பார்க்கவில்லை என்று ஒரு சாட்சியின் முகத்துக்கு நேரே சொல்ல அவை கூசுகின்றன. சுற்றியுள்ள காகிதத்தில் ஒரு பிழையைத் தேடி, அதன் வழியாக வெளியேறுகின்றன.

இங்கிலாந்தில் குற்ற மேல்முறையீட்டு நீதிமன்றம் 1907-இல் பிறந்ததற்கும் ஒரு பார்வைப் பிழைதான் பெரிய காரணம். அடால்ஃப் பெக் என்பவரைத் தங்களை ஏமாற்றியவன் என்று பல பெண்கள் அடையாளம் காட்டினார்கள். 1896-இல் ஒருமுறை, 1904-இல் மறுமுறை தண்டிக்கப்பட்டார். உண்மையான ஆள் பிறகு பிடிபட்டான். கொலை வழக்கு இல்லை என்பதால் பெக் பிழைத்தார்.

நினைவைப் பற்றி உளவியலாளர்கள் கண்டறிந்தவற்றில் மொழியாசிரியர்கள் கட்டாயம் அறிய வேண்டியது எலிசபெத் லாஃப்டஸும் ஜான் பாமரும் 1974-இல் வெளியிட்ட ஆய்வு. இரண்டு கார்கள் மோதும் படத்தைக் காட்டிவிட்டு, என்ன வேகத்தில் வந்தன என்று கேட்டார்கள். கேள்வியில் வினைச்சொல்லை மட்டும் மாற்றினார்கள். கார்கள் 'தொட்டுக்கொண்டபோது' என்ற பொருளில் கேட்டவர்களுக்குக் கிடைத்த சராசரி விடை ஏறத்தாழ 32 மைல். 'நொறுங்க மோதியபோது' என்ற பொருளில் கேட்டபோது ஏறத்தாழ 41. இன்னொரு குழுவிடம் ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடியைப் பார்த்தீர்களா என்று கேட்டார்கள். படத்தில் உடைந்த கண்ணாடியே இல்லை. 'நொறுங்க' என்ற சொல்லைக் கேட்டிருந்த ஐம்பது பேரில் பதினாறு பேர், பார்த்தோம் என்றார்கள். ஒரு வினைச்சொல் கண்ணாடியை உடைத்திருக்கிறது.

நம் நீதிமன்றங்கள் இதை முற்றிலும் அறியாதவை அல்ல. 1983-இல் பர்வாடா வழக்கில் நீதியரசர் தக்கர், சாட்சியின் மனம் காணொளி நாடா அன்று, நேரத்தையும் தூரத்தையும் ஊகித்துத்தான் சொல்வார்கள், நீதிமன்றச் சூழலே அவர்களை மிரளவைக்கும் என்று எழுதினார். அதே ஆண்டு ராணா பிரதாப் வழக்கில் சின்னப்ப ரெட்டி, கொலையைப் பார்ப்பவர் ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாக நடந்துகொள்வார். ஒருவர் உறைந்து நிற்பார், ஒருவர் அலறுவார், ஒருவர் ஓடிவிடுவார். இப்படித்தான் நடந்திருக்க வேண்டும் என்று நாம் விதி செய்ய முடியாது என்றார். இரண்டும் மனிதரை அறிந்தவர்கள் எழுதியவை. ஆனால் கவனித்தால், இரண்டுமே சாட்சியை நம்புவதற்கான காரணங்களாகவே பயன்படுகின்றன. சிறு முரண்கள் இயல்பு, ஆகவே தள்ளாதே. மறதி இயல்பு, ஆகவே மன்னித்துவிடு. முரணே இல்லாமல், மறதியே இல்லாமல், உறுதியாக ஒருவர் தவறாக நினைவுகூர்வதும் அதே அளவுக்கு இயல்பு என்ற மறுபாதியை அந்தத் தீர்ப்புகளை மேற்கோள் காட்டுபவர்கள் தொடுவதில்லை.

*

மீண்டும் முத்துப்பேட்டை. அந்த வழக்கில் வழக்கறிஞர் கடைசியாக ஒரு வாதத்தை வைத்தார். ஒரே சாட்சியை நம்பித் தண்டிப்பதென்றால் தண்டியுங்கள்; தூக்கை மட்டுமாவது ஆயுளாகக் குறையுங்கள். உச்ச நீதிமன்றம் மறுத்தது. சாட்சியம் நம்பத் தகுந்ததா என்பது ஒரு கேள்வி, என்ன தண்டனை என்பது வேறு கேள்வி. சான்றின் தன்மைக்கும் தண்டனைக்கும் தொடர்பில்லை என்றது. தண்டனை உறுதியானது.

தர்க்கப்படி இதில் ஓட்டை காண முடியாது. ஐயம் இருந்தால் விடுதலை செய்ய வேண்டும். ஐயம் இல்லையென்றால் குறைத்துக் கொடுக்க என்ன இருக்கிறது? பாதி நம்பிக்கைக்குப் பாதி தண்டனை என்று நீதி இருக்க முடியாது. ஆனாலும் என் மனம் அந்த வழக்கறிஞர் பக்கமே சாய்கிறது. ஐயமற்ற நிலை என்பதற்கும் உறுதி என்பதற்கும் நடுவே ஒரு மெல்லிய இடைவெளி இருக்கிறது. ஸ்லேட்டருக்குக் கிடைத்த அந்த இரண்டு நாள்களும் அந்த இடைவெளிக்குள்தான் இருந்தன. ஆயுள் தண்டனையில் அந்த இடைவெளி திறந்தே இருக்கும். யாராவது ஒருவர் பின்னாளில் பெட்டியைத் திறந்து கட்டை வாசிக்கலாம்.

முத்துப்பேட்டைப் பெண் உண்மையைத்தான் சொன்னார் என்று மூன்று நீதிமன்றங்கள் நம்பின. தீர்ப்பை வாசித்தால் எனக்கும் அப்படித்தான் தோன்றுகிறது. ஆனால் தீர்ப்பு ஆங்கிலத்தில் இருக்கிறது. அவர் தமிழில் சொல்லியிருப்பார், தஞ்சைப் பக்கத்துத் தமிழில். அந்த இரவின் வெளிச்சத்துக்கு அவர் என்ன சொல்லைப் பயன்படுத்தினார் என்று தெரிந்துகொள்ள ஆசையாக இருக்கிறது.